பணம் போடுகிற ப்ரொட்யூசர் இல்லை அம்மா

அன்புள்ள அம்மா,

"மகன் ப்ரொட்யூசர் ஆகணும் என்கிறான், எங்களிடம் போட ஏது பணம்?" என்று கேட்டிருக்கிறீர்கள். நம் ஊரில் தயாரிப்பாளர் என்றாலே முதல் போடுபவர்தானே, உங்கள் மேல் தப்பில்லை. ம்யூசிக் ப்ரொட்யூசர் வேறு ஆள். எந்தப் பாட்டு எந்தக் குரலுக்கு, சுருதியை அரைக்கட்டை இறக்கலாமா, பத்து டேக்கில் எதை வைத்துக்கொள்வது என்று முடிவு செய்பவர். பெரும்பாலும் அவர் பணம் வாங்கிக்கொள்கிற ஆள்.

எட்டு வருடம் கற்ற பியானோ வீணாகிவிடுமோ என்பதுதான் உங்கள் உண்மையான பயம். தம்பி ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பின மக்களின் இசை) வாசிக்கிறான் என்பதால் ஆலன் டூசான் என்ற அமெரிக்க ப்ரொட்யூசரின் கதையைச் சொல்கிறேன். 1938இல் நியூ ஆர்லியன்ஸில் பிறந்தவர். அப்பாவுக்கு ரயில்வே வேலை, கூடவே ட்ரம்பெட் வாசிப்பார். புரொஃபசர் லாங்ஹேர் என்ற ப்ளூஸ் பியானோக்காரரின் வாசிப்பைக் கேட்டுக் கேட்டுப் பழகிய கை டூசானுடையது.

1957இல் பியானோ வாசித்துப் பாடும் பெரிய நட்சத்திரமான ஃபேட்ஸ் டாமினோ வெளியூர்க் கச்சேரிகளில் இருந்தார். அவருடைய ரெக்கார்டுக்குப் பியானோ வேண்டும். டூசானைக் கூப்பிட்டு, டாமினோ மாதிரியே வாசிக்கச் சொன்னார்கள். பத்தொன்பது வயதுப் பையன் அப்படியே வாசித்தான். குரலை டாமினோ பிற்பாடு சேர்த்துக்கொண்டார். தன் திறமையைக் காட்டாமல் இன்னொருவருக்காக வாசிக்கத் தெரிந்ததே, என் பார்வையில், ப்ரொட்யூசர் வேலையின் முதல் பாடம். மூன்றே வருடத்தில் மினிட் என்ற ரெக்கார்டு கம்பெனி பாடகர்களை டூசானிடம் ஒப்படைத்தது.

ஒத்திகை பெரும்பாலும் டூசானின் அப்பா அம்மா வீட்டு முன்னறையில்தான். எர்னி கே-டோ, பென்னி ஸ்பெல்மன், இர்மா தாமஸ் என்று பாடகர்கள் வந்துகொண்டே இருப்பார்கள். அம்மா நயோமி எல்லோருக்கும் சோறு போட்டார். அந்தக் கூட்டத்தில் பிறந்த ஒரு பாட்டு மாமியாரைத் திட்டுகிற பாட்டு (அங்கேயும் அதே கதைதான்!). கே-டோ பாட, 'மாமியார்' என்ற சொல்லை மட்டும் அடிக்குரலில் ஸ்பெல்மன் இழுப்பார். ஒருவருக்குக் கதை சொல்லும் குரல், இன்னொருவருக்கு ஒரே ஒரு சொல். 1961இல் அமெரிக்கப் பட்டியலில் முதலிடம் பிடித்த பாட்டு அது. ப்ரொட்யூசர் என்னதான் செய்வார் என்று கேட்டீர்களே, இதைத்தான் செய்வார்.

அப்புறம் வருமானம். தான் எழுதிய பல பாட்டுகளுக்கு ஆசிரியர் பெயராக அம்மாவின் பெயரையே போட்டார் டூசான்: நயோமி நெவில். அவர் எழுதிய ஒரு பாட்டை 1977இல் க்ளென் கேம்பெல் பாடி முதலிடத்துக்குக் கொண்டுபோனார். பாடியவர் வேறு, ஆனால் எழுதியவருக்கும் பங்கு உண்டு. நம் நாட்டிலும் 2012இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தி, சினிமாப் பாட்டுக்கு வரும் ராயல்டியில் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் உள்ள பங்கைப் பாதுகாத்திருக்கிறார்கள். இது தெரியாமல், மொத்தத் தொகைக்கு ட்யூனைக் கொடுத்துவிட்டு, பெயர்கூட வராமல் என் முன்னால் உட்கார்ந்து அழுத பையனைப் பார்த்திருக்கிறேன். தம்பி மிக்ஸிங் கற்கும் முன் ஒப்பந்தம் படிக்கக் கற்கட்டும்.

1973இல் கூட்டாளியுடன் சொந்த ஸ்டூடியோ திறந்தார் டூசான். பீட்டில்ஸ் புகழ் பால் மெக்கார்ட்னியே அங்கே வந்து பதிவு செய்தார். 2005இல் கத்ரினா புயல் வெள்ளம் வீட்டையும் ஸ்டூடியோவையும் சேர்த்து அழித்துவிட்டது. அப்போது அவருக்கு 67 வயது. நியூயார்க் போய், ஒரு சின்ன அரங்கில் தனியாகப் பியானோ முன் உட்கார்ந்தார். உலகம் சுற்றும் கலைஞராக மறுபடி கிளம்பி, 2015இல் மாட்ரிட்டில் கச்சேரி முடித்த கையோடுதான் காலமானார். பியானோ வீணாகுமா என்று கேட்டதற்குப் பதில் கிடைத்திருக்கும்.

அதற்காக டிகிரியை விடச் சொல்லமாட்டேன். இந்தத் தொழிலில் முதல் சில வருடம் மாதச் சம்பளம் மாதிரி வராது. படிப்பு முடிகிற வரை மாலையில் ஸ்டூடியோ வேலை போதும். விலையுயர்ந்த கோர்ஸுக்கும் இப்போதைக்குப் பணம் கட்ட வேண்டாம்.

அடுத்த வாரம் வரும்போது தம்பி தான் வாசித்த வீடியோவைக் கொண்டுவர வேண்டாம். வேறு யாரையாவது பாட வைத்து அவன் பதிவு செய்த ஒரு பாட்டு, கூடவே அதில் அவன் வேண்டாமென்று ஒதுக்கிய டேக்குகள். அவற்றைத்தான் நான் முதலில் கேட்பேன்.