'மெண்டோசா' என்ற ஸ்பானியக் குடும்பப் பெயர் எங்கிருந்து வந்தது? அந்தப் பெயர் உள்ளவர்கள் எல்லோரும் ஒரே பிரபு வம்சமா?

உங்களுடன் வேலை பார்க்கும் மெக்சிகோ நண்பரின் பெயரை வைத்து இதைக் கேட்டிருக்கிறீர்கள். முதல் கேள்விக்கு எளிதாக விடை சொல்லிவிடலாம். இரண்டாவதற்குத்தான் கொஞ்சம் பொறுமை வேண்டும்.

மெண்டோசா ஓர் ஊரின் பெயர். வட ஸ்பெயினின் அலாவா மாகாணத்தில், வித்தோரியா நகருக்கு மேற்கே அந்தச் சிற்றூர் இன்றும் இருக்கிறது. அது பாஸ்க் மொழி வழங்கிய நிலம். பாஸ்க் மொழியில் 'மெண்டி' என்றால் மலை; 'ஓட்ஸ்' என்றால் குளிர்ச்சி; இறுதியில் வரும் 'ஆ' சுட்டு விகுதி. சேர்த்துச் சொன்னால் குளிர்மலை. ஸ்பானியம் லத்தீனிலிருந்து பிறந்தது; லத்தீனுக்கும் பாஸ்க் மொழிக்கும் உறவே இல்லை என்பதால், ஸ்பானிய அகராதியில் இதன் வேரைத் தேடிப் பயனில்லை.

அந்த ஊருக்குப் போயிருக்கிறேன். தானிய வயல்களுக்கு நடுவே சில வீடுகள். ஊரைப் பார்த்தபடி சதுரமான கல்கோபுரம் ஒன்று. அதைச் சுற்றி மதில். மதிலின் நான்கு மூலைகளிலும் உருண்டையான காவல் மாடங்கள். அங்கிருந்த பிரபுக் குடும்பம்தான் பிற்காலத்தில் ஸ்பெயினையே ஆட்டிவைத்தது என்று நம்புவது கடினம். அவ்வளவு சிறிய இடம்.

ஊருக்குள்ளேயே இருப்பவரை யாரும் ஊர்ப்பெயர் சொல்லி அழைப்பதில்லை. வெளியூருக்குப் போன பிறகுதான் அது ஒட்டிக்கொள்கிறது. இந்தக் குடும்பத்துக்கும் அதுதான் நடந்தது. 1332இல் அலாவா, அன்று ஸ்பெயினின் நடுப்பகுதியை ஆண்ட காஸ்டில் அரசின் மன்னரது ஆட்சிக்குள் வந்தது. அந்தக் காலத்தில் மெண்டோசாக்கள் தெற்கே குவாதலஹாரா நகரில் வேரூன்றினார்கள். 1385இல் போர்ச்சுகலுடன் நடந்த அல்ஜுபரோட்டா போரில் பெட்ரோ கொன்சாலெஸ் தே மெண்டோசா உயிர் துறந்தார். காஸ்டில் மன்னர் தப்பித்துச் செல்லத் தன் குதிரையையே கொடுத்தார் என்று அவரைப் புகழ்வார்கள். அவருடைய பேரன் சாந்தில்யானா பிரபு, 15ஆம் நூற்றாண்டின் பெரிய கவிஞர். கவிஞரின் மகனான கார்டினல் மெண்டோசாவை, அரசி இசபெல்லா, அரசர் பெர்னாண்டோ இருவருக்கும் அடுத்தபடியாக 'ஸ்பெயினின் மூன்றாவது அரசர்' என்றே அழைத்தார்கள்.

பிறகு பெயர் கடல் கடந்தது. மெக்சிகோவை உள்ளடக்கிய 'புதிய ஸ்பெயினின்' முதல் வைஸ்ராயாக 1535இல் வந்தவர் அந்தோனியோ தே மெண்டோசா. 1561இல் அர்ஜென்டினாவில் ஒரு நகரை நிறுவியபோது, அப்போதைய சிலி ஆளுநர் கார்சியா உர்தாதோ தே மெண்டோசாவின் பெயரைச் சூட்டினார்கள். இன்று திராட்சை மதுவுக்குப் பேர்போன மெண்டோசா நகரம் அதுதான். ஊர்ப்பெயர் ஆள்பெயராகி, ஆள்பெயர் மறுபடியும் ஊர்ப்பெயரானது. ஆண்டிஸ் பனிமலைகளின் அடிவாரத்தில் குளிர்மலை என்ற பெயரில் ஒரு நகரம் அமைந்தது தற்செயல்தான் என்றாலும், எனக்கு மிகவும் பிடித்த தற்செயல்! போர்ச்சுகீசியத்தில் இதே பெயர் மெண்டோன்சா. கோவாவிலும் மங்களூரிலும் கத்தோலிக்கக் குடும்பங்களில் அதைக் கேட்கலாம்.

இனி வம்சக் கேள்வி. எல்லோரும் ஒரே இரத்தம் அல்ல. அந்த ஊரிலிருந்து பிழைக்கப் போன உழவரும் கொல்லரும்கூட 'தே மெண்டோசா'தான். அமெரிக்கக் கண்டத்தில் ஞானஸ்நானம் பெற்ற பூர்வகுடியினர் பலர், அந்தச் சடங்கில் உடன் நின்று பொறுப்பேற்ற ஞானத்தந்தையின் பெயரையோ ஆட்சியாளரின் பெயரையோ ஏற்றார்கள். பிலிப்பைன்ஸில் 1849இல் ஆளுநர் கிளாவேரியா, குடும்பப் பெயர்ப் பட்டியல் ஒன்றை ஊர் ஊராக அனுப்பி, குடும்பப் பெயர் இல்லாதவர்கள் அதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டும் என்று ஆணையிட்டார். அங்கே ஒருவருக்கு ஸ்பானியப் பெயர் இருப்பதாலேயே ஸ்பானிய முன்னோர் இருந்ததாகச் சொல்ல முடியாது. இதில் யாருக்கும் குறைவில்லை. பெயரைச் சுமந்து உழைத்து வாழ்ந்தவர்களுக்கும் அது முழு உரிமையானதே.

எனவே 'மெண்டோசா குடும்பச் சின்னம்' என்று பச்சைக் கேடயத்தில் சிவப்புப் பட்டை வரைந்து இணையத்தில் விற்பதை வாங்க வேண்டாம் என்று நண்பரிடம் சொல்லுங்கள். அந்தச் சின்னம் குறிப்பிட்ட வம்சத்துக்கு உரியது, பெயருக்கு உரியதல்ல. உண்மையாகவே வேரைத் தேட விரும்பினால் தாத்தா, பாட்டியின் பிறப்புப் பதிவிலிருந்து தொடங்கி ஒவ்வொரு தலைமுறையாகப் பின்னோக்கிப் போக வேண்டும். மெக்சிகோவில் சிவில் பதிவேடுகள் 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியோடு நின்றுவிடும். அதற்கு முந்தைய காலத்துக்குத் தேவாலயங்களின் ஞானஸ்நானப் பதிவேடுகள்தான் வழி. அவற்றில் பெற்றோரோடு ஞானப்பெற்றோரின் பெயரையும் பார்க்கச் சொல்லுங்கள். குடும்பத்துக்கு மெண்டோசா என்ற பெயர் வந்த வழி அங்கேயே இருக்கலாம்.