டி.வி.யில் பேய் ஏன் சிரிக்க வைக்கிறது?

கேள்வி: தியேட்டரில் உலுக்கிய டப்பிங் பேய்ப் படம் டி.வி.யில் காமெடியாகிறதே? - வாசகி, மேலூர்

பதில்: பயத்தில் பாதி ஓசைதான். டப்பிங்குக்கு இசையும் ஒலிகளும் தனி டிராக்காக வரும். வசனம் மட்டுமே தமிழில் பேசிச் சேர்ப்பது. 2013-இல் வந்த 'தி கான்ஜுரிங்' படத்தில் இருட்டுக்குள் இரண்டு கை தட்டுமே, அதற்கு வசனமே வேண்டாம். பேய்ப் படங்களில் வரும் பேயோட்டலும் அப்படித்தான். கோடாங்கியின் உடுக்கை கேட்டு வளர்ந்த மதுரைக்காரருக்குப் பாதிரியார் சிலுவை எடுத்தால் விளக்கவா வேண்டும்?

டி.வி.யின் சின்ன ஸ்பீக்கரில் அடிவயிற்றைக் கலக்கும் 'பேஸ்' என்கிற கனத்த தாழ்ஒலி வராது. சத்தத்தைச் சமன்படுத்தும் 'நைட் மோட்' இருந்தால் நிசப்தமும் அலறலும் ஒரே அளவாகிவிடும். அதை அணையுங்கள், ஹெட்போன் மாட்டுங்கள். கிசுகிசுப்பை முழுக்குரலில் பேசிய டப்பிங்கை மட்டும் எந்த ஹெட்போனும் காப்பாற்றாது!