அடிமையின் இனத்தை எப்படி அறிவது?

கேள்வி: பழங்கிரேக்க, ரோம ஆவணங்களில் ஓர் அடிமை ‘சிரியர்’ என்று குறிக்கப்பட்டிருந்தால், அதுவே அவருடைய இனம் என்று கொள்ளலாமா?

பதில்: அவசரப்படக் கூடாது. கி.மு. 414 வாக்கில் ஏதென்ஸில் தண்டிக்கப்பட்டவர்களின் சொத்து ஏலக் கணக்கு கல்லில் கிடைத்திருக்கிறது. அதில் அடிமைகளும் விலையோடு பட்டியலிடப்பட்டிருக்கிறார்கள்: ஒரு சிரியர் 301 திராக்மா (கிரேக்க வெள்ளி நாணயம்), ஒரு கேரியக் குழந்தை (கேரியா இன்றைய துருக்கியின் தென்மேற்குப் பகுதி) 72 திராக்மா. அந்தக் குழந்தைக்குப் பெயர்கூட எழுதவில்லை. எழுதியது விற்ற தரப்பு. அந்தக் குழந்தை தன்னை யாராக நினைத்தது என்பதற்கு அங்கே இடமே இல்லை.

பெயர் இருந்தாலும் ஏமாற்றும். இன்றைய துருக்கியின் மேற்குக் கரையில் இருந்த எபேசு நகரில் வாங்கிய அடிமைக்கு, விற்ற அர்த்தெமிதோரஸின் பெயரை ஒட்டி அர்த்தெமாஸ் என்றோ, இயோனியா என்ற அந்த வட்டாரத்தை ஒட்டி இயோன் என்றோ, ஊரை ஒட்டி எபேசியஸ் என்றோ பெயர் வைப்பார்கள் என்று ரோம அறிஞர் வார்ரோ எழுதியிருக்கிறார். மூன்றுமே சந்தையைத்தான் சொல்கின்றன.

எலும்புக்கூடு கிடைத்தால் பல் எனாமலின் (பல்லின் கடினமான மேலுறை) ஸ்ட்ரான்ஷியம் ஐசோடோப் விகிதத்தை, அதாவது அந்தத் தனிமத்தின் வெவ்வேறு எடையுள்ள அணுக்களின் விகிதத்தை, அளப்பார்கள். அது நிலத்தின் பாறைக்கு ஏற்ப மாறும்; உணவு, நீர் வழியாகப் பல்லில் சேரும். எலும்பில் புதைமண்ணின் ஸ்ட்ரான்ஷியம் எளிதில் ஊறிவிடும். எனாமல் பெரும்பாலும் தாங்கும். முதல் கடைவாய்ப்பல்லின் எனாமல் முதல் சில வயதுக்குள் உருவாகிவிடும்; ஞானப்பல்லினுடையது பல ஆண்டுகள் பிந்தியது. இரண்டின் விகிதமும் தெளிவாக வேறுபட்டால், சிறுவயதிலேயே இடம் மாறியிருக்க வாய்ப்பு அதிகம். ஆனால் விற்கப்பட்டு வந்தாரா, பெற்றோருடன் குடிபெயர்ந்தாரா என்பதைப் பல் சொல்லாது.