அப்பாவைப் பார்த்துவிட்டு வந்தாலே மகள் அழுகிறாள், சந்திப்பை நிறுத்திவிடலாமா?

நாலு வயது மகள் ஞாயிறுதோறும் அப்பாவிடம் போய்வருகிறாள், அன்று இரவு அழுகிறாள், படுக்கையை நனைக்கிறாள், நிறுத்திவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். நீதிமன்ற உத்தரவுப்படி நடக்கும் சந்திப்பு என்று வைத்துக்கொண்டு சொல்கிறேன்: அழுகையை மட்டும் வைத்து நிறுத்தாதீர்கள். அப்பாவுக்குப் பரிந்து பேசுவதாக நினைக்க வேண்டாம். ஓர் அப்பா இதைக் கேட்டிருந்தாலும் இதே பதில்தான்.

இந்த வயதில் கை மாறும் நேரம்தான் கஷ்டம். அம்மாவை விட்டுப் போகும்போதும் அழும், அப்பாவை விட்டு வரும்போதும் அழும். வாசலில் அழுததை வைத்து யாரைப் பிடிக்கும் என்று முடிவு கட்ட முடியாது. கால் மணி நேரம் கழித்து எப்படி இருக்கிறாள் என்று பாருங்கள். படுக்கை நனைவதும் மன அழுத்தத்தால் இருக்கலாம். ஆனால் சிறுநீர் போகும்போது எரிச்சலோ காய்ச்சலோ இருந்தால் முதலில் மருத்துவரிடம் காட்டுங்கள், தொற்றாகவும் இருக்கலாம்.

முதலில் ஒப்படைக்கும் இடத்தை மாற்றுங்கள். பெரியவர்கள் இருவரும் வாசலில் முறைத்துக்கொண்டு நிற்கையில், யாரைப் பார்த்துச் சிரிப்பது என்றே குழந்தைக்குத் தெரியாது. பள்ளி நாளுக்குச் சந்திப்பை மாற்ற முடிந்தால், காலையில் நீங்கள் பள்ளியில் விடுங்கள், மாலையில் அவர் அங்கிருந்து அழைத்துப் போகட்டும். நீங்கள் இருவரும் சந்திக்கவே வேண்டாம். திரும்பும் நேரமும் முக்கியம். இரவு எட்டு மணிக்குத் தூக்கக் கலக்கத்தில் வந்தால் அழத்தான் செய்வாள். ஐந்தரைக்கு வந்துவிட்டால் குளித்துச் சாப்பிட்டு அடங்க நேரம் இருக்கும். வாரம் ஒரு முழு நாளைவிட, வாரம் இரண்டு முறை மூன்று மணி நேரம் என்பது இந்த வயதில் பல குழந்தைகளுக்கு எளிது. 'அடுத்த ஞாயிறு' அவளுக்குப் பிடிபடாது. நாட்காட்டியில் இரண்டு நிறத்தில் வட்டம் போட்டுக் காட்டுங்கள்.

கட்டிப்பிடித்துத் தூங்கும் பொம்மை அவளோடு இரண்டு வீட்டுக்கும் போகட்டும். 'அங்கே வேறு வாங்கிக்கொள்ளட்டும்' என்பது எடுபடாது. மருந்து கொடுத்தால் பெயர், அளவு, கடைசியாகக் கொடுத்த நேரம் மூன்றையும் சீட்டில் எழுதிப் பையில் வையுங்கள். பேச்சுவார்த்தை இல்லாத இரண்டு வீட்டில் ஒரே மருந்தை இருவரும் கொடுத்துவிடும் ஆபத்து உண்டு.

வந்ததும் வராததுமாக "அங்கே யார் இருந்தாங்க, என்ன சொன்னாங்க" என்று துருவாதீர்கள். எந்தப் பதிலுக்கு உங்கள் முகம் மாறுகிறது என்று குழந்தை சீக்கிரம் கற்றுக்கொள்ளும். பிறகு அந்தப் பதிலையே தரும்.

அவளாகவே அடி வாங்கியதையோ தகாத தொடுதலையோ சொன்னால் விஷயம் வேறு. "அப்புறம் என்ன ஆச்சு?" என்பதற்கு மேல் கேட்காதீர்கள், பெயரையும் இடத்தையும் நீங்கள் எடுத்துக்கொடுக்காதீர்கள். அவள் சொன்ன சொற்களை அப்படியே தேதி, நேரத்தோடு எழுதுங்கள். காணொளி எடுக்கிறேன் என்று திரும்பத் திரும்பச் சொல்லவைத்தால், சொல்லிக்கொடுத்ததாக எதிர்த்தரப்பு வாதிட அதுவே போதும். அன்றே மருத்துவரிடமும் குழந்தைகள் பாதுகாப்பு அதிகாரிகளிடமும் போங்கள், அனுப்புவதை நிறுத்துங்கள், உத்தரவை மாற்றக் கோரி உடனே மனுப் போடுங்கள்.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், மனசு ஆறவில்லை. ஜீவனாம்சம் வராவிட்டால் குழந்தையைக் காட்டாமல் இருப்பது, காட்டாவிட்டால் பணத்தை நிறுத்துவது என்ற பேரம் எத்தனை வீடுகளில் நடக்கிறது! 1989 ஐ.நா. குழந்தைகள் உரிமை உடன்படிக்கையின் 9வது பிரிவு, பெற்றோர் இருவரோடும் தொடர்பில் இருப்பதைக் குழந்தையின் உரிமை என்கிறது, குழந்தையின் நலனுக்குக் கேடானால் ஒழிய. 12வது பிரிவு அதன் கருத்தைக் கேட்கச் சொல்கிறது, தீர்ப்பை அதன் தலையில் கட்டச் சொல்லவில்லை. ஆனால் வருகிற உறவினர் எல்லாம் மடியில் உட்காரவைத்து "அம்மா வேணுமா, அப்பா வேணுமா" என்கிறார்கள். உங்கள் வீட்டில் யாராவது அப்படிக் கேட்டால் அந்த இடத்திலேயே தடுங்கள்.

இந்த மாற்றங்களை நான்கு வாரம் செய்து பாருங்கள். போன நேரம், வந்த நேரம், எவ்வளவு நேரம் அழுதாள், எப்போது தூங்கினாள் என்று குறித்து வையுங்கள். குறையவில்லை என்றால் அந்தக் குறிப்போடு குழந்தைகள் மனநல ஆலோசகரைப் பாருங்கள். நேரத்தைக் குறைக்கவோ மேற்பார்வையில் சந்திக்கவைக்கவோ நீதிமன்றத்தில் கேட்கும்போதும் அதுதான் கைகொடுக்கும்.