முதல் குடியேறிகளின் புத்தகப் பெட்டி: கேள்வி பதில்

17-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்திலிருந்து கடல் கடந்து போய் அமெரிக்காவின் நியூ இங்கிலாந்துப் பகுதியில் குடியேறியவர்களின் வாசிப்பைப் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். முப்பது வருடம் நூலகத்தில் வேலை பார்த்தவன் நான். பழைய புத்தகங்களைப் பற்றி யார் கேட்டாலும் நேரம் போவது தெரியாமல் பேசுவேன்.

சார், உணவுக்கும் துணிமணிக்குமே இடம் போதாத கப்பலில் புத்தகங்களை எதற்கு ஏற்றினார்கள்?

பியூரிட்டன்கள் என்று அழைக்கப்பட்ட அந்தச் சமயத்தார், பைபிளை ஒவ்வொருவரும் தாமே வாசிக்க வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தவர்கள். போதகர் வாசிக்க, உட்கார்ந்து கேட்டால் மட்டும் போதாது. 1620-இல் மேஃப்ளவர் கப்பலில் வந்த வில்லியம் புரூஸ்டரும் அந்த மரபில் வந்தவர்தான். அதற்கு முன் ஹாலந்தின் லைடன் நகரில், இங்கிலாந்து அரசு வெறுத்த சமய நூல்களை அச்சிட்டுக்கொண்டிருந்தார். 1644-இல் அவர் இறந்தபோது எடுத்த சொத்துக் கணக்கில் ஏறக்குறைய 400 புத்தகங்கள் இருந்தன. அவற்றில் பல 1620-க்குப் பிறகு அச்சானவை. காட்டைத் திருத்திப் பிழைத்த காலத்திலும் அவருக்குக் கப்பலில் புத்தகம் வந்துகொண்டே இருந்திருக்கிறது!

பெண்களுக்கும் படிக்கத் தெரியுமா ஐயா? பத்திரங்களில் கையெழுத்துக்குப் பதில் பெரும்பாலும் கீறல் அடையாளம்தான் போட்டிருக்கிறார்கள் என்று படித்தேன்.

அந்த அடையாளத்தை வைத்து முடிவு கட்டிவிடாதீர்கள். அன்று வாசிப்பும் எழுத்தும் தனித்தனிப் படிப்பு. முதலில் வாசிக்கக் கற்றுக்கொடுத்தார்கள். எழுதுவது பிற்பாடு, அதுவும் பெரும்பாலும் ஆண் பிள்ளைகளுக்குத்தான். பைபிளைத் தடங்கலின்றி வாசிக்கும் பெண்ணும் பத்திரத்தில் ஒரு கீறலோடு நிறுத்திக்கொண்டிருக்கலாம்.

பிள்ளைகளுக்கும் வேலைக்காரர்களுக்கும் வாசிக்கக் கற்றுக்கொடுப்பது வீட்டுத் தலைவரின் கடமை என்று நியூ இங்கிலாந்தின் மாசசூசெட்ஸ் குடியேற்றம் 1642-இல் சட்டம் போட்டது. 1647-இல் இன்னொரு சட்டம் வந்தது: 50 குடும்பங்கள் உள்ள ஊர் ஓர் ஆசிரியரை வைக்க வேண்டும், 100 குடும்பங்கள் இருந்தால் லத்தீன் பள்ளியே நடத்த வேண்டும்.

அமெரிக்கக் கண்டங்களின் முதல் அச்சகம் இவர்களுடையதுதானா?

இல்லை. மெக்சிகோ நகரில் ஸ்பானியர்கள் 1539-லேயே அச்சிட ஆரம்பித்துவிட்டார்கள். ஆங்கிலேயக் குடியேற்றங்களில் முதல் அச்சகம் என்றால், அது மாசசூசெட்ஸின் கேம்பிரிட்ஜில் இருந்தது.

அது வந்த கதை உருக்கமானது. ஜோஸ் குளோவர் என்ற போதகர் 1638-இல் அச்சு இயந்திரத்தோடும் குடும்பத்தோடும் கப்பல் ஏறினார், வழியிலேயே இறந்துபோனார். அவருடைய மனைவி எலிசபெத் மனம் தளரவில்லை. கூட வந்த ஸ்டீபன் டே என்ற பூட்டுச் செய்பவரை வைத்து அச்சகத்தை நிறுவினார். 1639-இல் ஓர் உறுதிமொழித் தாளும் பஞ்சாங்கமும் வந்தன. 1640-இல் பைபிளின் துதிப்பாடல்கள் அடங்கிய சங்கீதப் புத்தகம் வந்தது. 1,700 பிரதி போட்டதில் இன்று 11 மட்டுமே மிச்சம். 2013-இல் ஒரு பிரதி நியூயார்க் ஏலத்தில் 1 கோடியே 41 லட்சம் டாலருக்குப் போனது. அச்சுப்பிழை நிறைந்த புத்தகம்தான், பக்கத் தலைப்பில் ஒரே சொல்லை இடப்பக்கம் ஒரு மாதிரியும் வலப்பக்கம் வேறு மாதிரியும் கோத்திருப்பார்கள். ஆனால் பூட்டுக்காரர் வீட்டுக் கைகள் கோத்தது என்று நினைத்துப் பார்த்தால் எனக்கு அந்தப் பிழைகள் மேல் பிரியம்தான் வருகிறது.

அந்த மண்ணின் பூர்வகுடிகளுக்கு இதில் ஏதாவது பங்கு உண்டா?

இந்தக் கேள்வி வராதா என்று காத்திருந்தேன். அதே அச்சகத்தில் 1663-இல் முழு பைபிள் அச்சானது. அமெரிக்கக் கண்டங்களில் அச்சான முதல் முழு பைபிள் அதுதான், அதன் மொழி ஆங்கிலம் இல்லை! வாம்பனோக் மக்களின் மொழி. ஜான் எலியட் என்ற போதகரின் பெயரில் அறியப்படுகிறது. ஆனால் அச்சுக் கோத்தவர்களில் நிப்மக் இனத்தைச் சேர்ந்த வோவாஸ் என்ற இளைஞர் இருந்தார். தொழிலே பெயராகி, ஜேம்ஸ் பிரிண்டர் ஆனார். 1675-இல் குடியேறிகளுக்கும் பூர்வகுடிகளுக்கும் போர் மூண்டபோது தன் மக்கள் பக்கம் போனார். அடுத்த ஆண்டு பொது மன்னிப்பில் திரும்பி வந்து மறுபடி அச்சகத்தில் நின்றார். இரண்டாம் பதிப்பு வேலையின்போது, பொருள் புரிந்து கோக்கவும் பிழை திருத்தவும் இவர் ஒருவர்தான் இருக்கிறார் என்று எலியட்டே எழுதினார். 1709-இல் வந்த சங்கீதப் புத்தகத்தின் முகப்பில்தான் அச்சிட்டவராக அவர் பெயர் வந்தது.

பிற்பாடு அந்த மொழியைப் பேச ஆளில்லாமல் போயிற்று. 1993-இல் ஜெஸ்ஸி லிட்டில் டோ பேர்ட் என்ற வாம்பனோக் பெண்மணி அதை மீட்கும் பணியைத் தொடங்கினார். அவருக்குக் கைகொடுத்தவற்றில் முக்கியமானது அந்த பைபிள். மதம் மாற்ற அச்சிட்ட புத்தகம் அந்த மக்களுக்கே மொழியைத் திருப்பிக் கொடுத்திருக்கிறது.

கவிதை எழுதினார்களா, எல்லாம் பிரசங்கம்தானா?

பிரசங்கம்தான் அதிகம். கவிதையும் விற்றது: இறுதித் தீர்ப்பு நாளைப் பற்றி மைக்கேல் விகிள்ஸ்வொர்த் எழுதிய நெடும்பாட்டு 1662-இல் வந்து 1,800 பிரதியும் ஒரே வருடத்தில் தீர்ந்தது.

ஆனால் எனக்குப் பிடித்த கவிஞர் ஆன் பிராட்ஸ்ட்ரீட்தான். 1630-இல் வந்தவர், எட்டுப் பிள்ளைகள் பெற்றவர். அவரைக் கேட்காமலே தங்கை கணவர் கவிதைகளை லண்டனுக்குக் கொண்டுபோய் 1650-இல் அச்சிட்டுவிட்டார். கந்தலோடு தெருவுக்கு இழுத்து வரப்பட்ட பிள்ளை என்று தன் புத்தகத்தையே பார்த்துப் பாடினார். 1666-இல் வீடு எரிந்தபோது எழுதியதையும் தேடிப் படியுங்கள். பெட்டி இருந்த இடம் இது, உட்கார்ந்த இடம் அது என்று சாம்பலைச் சுற்றி வருவார்.

ஜான் ஹார்வர்ட் கல்லூரிக்குக் கொடுத்த புத்தகங்களில் தீயில் தப்பியது ஒன்றே ஒன்று என்கிறார்களே, நிஜமா?

நிஜம். 1638-இல் இறந்த ஜான் ஹார்வர்ட் 400-க்கும் மேற்பட்ட புத்தகங்களைப் புதுக் கல்லூரிக்கு எழுதி வைத்தார். 1764 ஜனவரியில் நூலகம் தீப்பிடித்தது. அவர் கொடுத்தவற்றில் தப்பியதாக உறுதியாகத் தெரிவது ஒன்றே ஒன்று, அன்று இரவல் போயிருந்த ஒரு சமய நூல். தவணை தாண்டியும் திருப்பித் தராமல் வைத்திருந்தார் ஒரு மாணவர். தவணை தாண்டியவர்களைக் கடிந்தே பழகியவன் நான், அந்தப் பையனுக்கு மட்டும் நன்றி சொல்வேன்.

வர்ஜீனியாவிலும் இப்படித்தானா?

தெற்கே இருந்த அந்த ஆங்கிலேயக் குடியேற்றத்தில் நிலைமை வேறு. இலவசப் பள்ளியும் அச்சகமும் இங்கே இல்லாததற்குக் கடவுளுக்கு நன்றி என்று ஆளுநர் பெர்க்லி 1671-இல் எழுதினார். புத்தகம் பணக்காரத் தோட்ட முதலாளிகள் வீட்டில் இருந்தது.

கடைசியாக ஒன்று சார். நம் பக்கத்தோடு இவர்களுக்கு ஏதாவது தொடர்பு இருந்ததா?

இருந்தது. பாஸ்டனில் பெரிய நூலகம் வைத்திருந்த போதகர் காட்டன் மேதர், தரங்கம்பாடியில் பைபிளின் புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சிட்ட ஜெர்மன் போதகர் சீகன்பால்குக்கு லத்தீனில் கடிதம் எழுதினார். சீகன்பால்கு 1719-இல் இறந்துவிட்டார். பதில் எழுதியவர் அவருடைய தோழர் கிரூண்ட்லர். இரண்டு கடிதங்களையும் சேர்த்து மேதர் 1721-இல் பாஸ்டனில் ஒரு சிறு புத்தகமாகவே போட்டார். பெயர் 'இந்தியா கிறிஸ்தியானா'.