பழைய திருவிழா கேசட்டை ஆவணப்படத்தில் சேர்ப்பது எப்படி?

மதுரையில் ஒரு மண்டகப்படிக்காரர் (சாமி தங்கிச் செல்லும் மண்டபத்தின் உபயதாரர்) வீட்டில் கிடைத்த சித்திரைத் திருவிழா விஎச்எஸ் கேசட்டை உங்கள் ஆவணப்படத்தில் எப்படிச் சேர்ப்பது என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதலில் அதை டெக்கில் (கேசட்டை ஓட்டும் கருவியில்) போட்டுப் பார்க்காதீர்கள். நாடா ஓரத்தில் வெள்ளையாகப் பூஞ்சை இருந்தால் நாடாவைப் படிக்கும் ஹெட்டும் கெடும், நாடாவும் கெடும். சுத்தம் செய்த பிறகே ஓட்ட வேண்டும்.

டிஜிட்டலாக மாற்றும்போது பால் (PAL) என்ற பழைய தொலைக்காட்சி முறைப்படி 720x576, நொடிக்கு 25 ஃபிரேம், இன்டர்லேஸ் (ஒவ்வொரு ஃபிரேமும் ஒற்றை, இரட்டை வரிகளாகப் பிரிந்திருப்பது) அப்படியே இருக்கட்டும். அதுதான் உங்கள் மூலப் பிரதி. கேசட்டின் 4:3 படத்தை அகலத் திரையின் 16:9க்கு இழுக்காதீர்கள். அழகரின் குதிரை கொழுத்துப் போய்விடும்! பக்கவாட்டில் கறுப்பு இருந்தால் யாரும் கோபிக்கப் போவதில்லை.

அப்புறம் ஆண்டு. லேபிளையும் திரையில் ஓடும் தேதியையும் நம்பாதீர்கள். கேமராவில் பலர் தேதியைச் சரிசெய்வதே இல்லை. அழகர் அன்று என்ன நிறப் பட்டு உடுத்தி ஆற்றில் இறங்கினார் என்று பாருங்கள். அதை மதுரைக்காரர்கள் ஞாபகம் வைத்திருப்பார்கள், பத்திரிகைகளும் எழுதியிருக்கும். சுவரிலுள்ள சினிமா போஸ்டர் இன்னும் நல்ல சாட்சி. இரண்டும் ஒத்துப்போனால்தான் படத்தில் ஆண்டைப் போடுவேன்.

உரிமை விஷயத்தில் கேசட் கையில் இருப்பது போதாது. 1957 பதிப்புரிமைச் சட்டப்படி, காசு கொடுத்து எடுக்கச் சொன்னவரே, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், முதல் உரிமையாளர். ஆகவே மண்டகப்படிக்காரர்தான் வீடியோக்காரரை அமர்த்தினார் என்றால் அவரிடம் எழுதி வாங்குங்கள். பின்னணியில் ஒலிபெருக்கிப் பாட்டு கேட்டால் அதற்குத் தனி அனுமதி.