மூன்றாவது பிள்ளை: ஒரு கடிதமும் பதிலும்

அன்புள்ள அண்ணா,

லண்டனில் ஃபுட் பேங்க் ஒன்றில், இல்லாதவர்களுக்குச் சாப்பாட்டுப் பொருள் கொடுக்கும் இடத்தில், வாராவாரம் உதவிக்குப் போவதாக எழுதியிருந்தீர்கள். மனதில் பட்டதை அப்படியே எழுதுகிறேன், தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பிரிட்டனில் வறுமை என்று சொல்வதே எனக்கு மிகையாகத் தெரிகிறது. அங்கே ஏழை என்றால், வருமான வரிசையில் நடுவில் நிற்பவரின் வருமானத்தில் 60 சதவீதத்துக்குக் கீழே இருப்பவர் என்று படித்தேன். அப்படிக் கணக்கு வைத்தால், நாளைக்கே எல்லோருடைய வருமானமும் இரண்டு மடங்கானாலும் ஏழைகளின் எண்ணிக்கை மாறாதே? அவர்கள் கையில் ஸ்மார்ட்போன் இருக்கிறது, வீட்டில் ஹீட்டர் இருக்கிறது, மருத்துவம் இலவசம். அப்புறம், மூன்று நான்கு பிள்ளை பெற்றுக்கொண்டு அரசாங்கம் பார்த்துக்கொள்ளட்டும் என்று இருப்பது என்ன நியாயம்? வேலைக்குப் போகிறவர் கட்டும் வரியில் வேலைக்குப் போகாதவர் பிள்ளை வளர வேண்டுமா?

அன்புடன்,
ஆர்., கோயம்புத்தூர்

அன்புள்ள தம்பி,

மறைக்காமல் கேட்டது நல்லது. உங்களைப் போலக் கேட்பவர்கள் இங்கேயும் நிறையப் பேர் உண்டு. நானும் இந்த ஊருக்கு வந்த புதிதில் ஏறக்குறைய இதையேதான் நினைத்தேன்.

ஸ்மார்ட்போனிலிருந்தே தொடங்குகிறேன். வேலை இழந்தவர், சம்பளம் போதாதவர், வாடகை கட்ட முடியாதவர் என்று எல்லோருக்கும் இங்கே இப்போது ஒரே உதவித்தொகை, யுனிவர்சல் கிரெடிட். அதற்கு இணையத்தில்தான் விண்ணப்பிக்க வேண்டும். ‘ஜர்னல்’ என்று ஒரு கணக்கு தருவார்கள். ஜாப் சென்டர் என்ற அரசு வேலைவாய்ப்பு அலுவலக அதிகாரியின் கேள்வி, சந்திப்பு நேரம் எல்லாம் அதில்தான் வரும். அதைப் பார்க்காமல் ஒரு சந்திப்பைத் தவறவிட்டால் பணத்தைப் பிடித்துவிடுவார்கள். விண்ணப்பித்த நாளிலிருந்து முதல் தொகை கைக்கு வர ஐந்து வாரம். நடுவில் முன்பணம் கேட்டால் தருவார்கள், ஆனால் அது கடன், மாதாமாதம் கழித்துக்கொள்வார்கள். ஆக அந்த போன் ஆடம்பரப் பொருள் அல்ல. ரேஷன் கார்டைத் தொலைத்துவிட்டுக் கடை வாசலில் நிற்பதை நினைத்துப் பாருங்கள், போன் இல்லாதவர் நிலைமை இங்கே அதுதான்.

ஹீட்டர் கதை இன்னும் மோசம். என் தெருமுனையில் யாழ்ப்பாணத்துக்காரர் ஒருவர் கடை வைத்திருக்கிறார். லண்டன் முழுக்கவே இப்படி நம்மவர்கள் கடைகள் நிறைய. பால், ரொட்டி, லாட்டரிச் சீட்டோடு, மீட்டருக்குப் பணம் ஏற்றும் வசதியும் அங்கே உண்டு. ஏழை வீடுகள் பலவற்றில் ப்ரீபெய்டு மீட்டர்தான். கார்டை எடுத்துக்கொண்டு கடைக்கு வந்து காசு போட்டால்தான் கேஸ் எரியும். “வெள்ளிக்கிழமை பின்னேரம் வந்து பாருங்கோ தம்பி, கேஸுக்கு அஞ்சு பவுண், கரண்டுக்கு அஞ்சு பவுண் எண்டு சனம் வரிசையில நிக்கும்” என்றார் ஒருமுறை. அடுப்பையே பற்ற வைக்காவிட்டாலும் நிலைக் கட்டணம் தினமும் ஓடிக்கொண்டே இருக்கும், கேஸும் மின்சாரமும் சேர்த்து நாளுக்கு 80 பென்ஸுக்கு மேல். பத்து நாள் ஒன்றுமே போடாமல் இருந்துவிட்டு வந்தால், போடுகிற காசில் ஒரு பங்கு அந்தப் பத்து நாளுக்கே போய்விடும். ஹீட்டர் இருக்கிறது, நீங்கள் சொல்வது சரி. அதைப் போடுவதற்குத்தான் ஆள் யோசிக்கிறார்.

இது ஃபுட் பேங்க் வரைக்கும் வருகிறது. நான் போகும் இடம் ஒரு தேவாலயக் கூடம். டாக்டரோ பள்ளிக்கூடமோ ஆலோசனை மையமோ எழுதிக் கொடுத்த சீட்டோடு வருவார்கள், மூன்று நாளைக்கான சாப்பாட்டுப் பொருட்களைப் பையில் போட்டுத் தருவோம். பையைக் கட்டுவதற்கு முன் நாங்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி: “வீட்டில் சமைக்க முடியுமா?” முடியாது என்பவர்களுக்குத் தனிப் பை. வெந்நீர் ஊற்றினால் போதும் என்கிற நூடுல்ஸ், சூப் பாக்கெட், உடனடிக் கஞ்சி, ஓப்பனர் இல்லாமல் கையால் இழுத்துத் திறக்கிற டின். இதற்குக் ‘கெட்டில் பை’ என்று பெயர். வீட்டில் அடுப்பு இருந்தும் இந்தப் பையைக் கேட்கிறவர்கள் உண்டு. ஒரு அம்மா அரிசிப் பாக்கெட்டைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, இது வேகவே இருபது நிமிடம் ஆகுமே என்று திருப்பி வைத்தார். அன்று இரவு எனக்குச் சோறு இறங்கவில்லை.

சரி, அந்த 60 சதவீதக் கணக்கு. எல்லோர் வருமானமும் ஒரே அளவில் ஏறினால் வறுமைக் கோடும் கூடவே ஏறும் என்பது உண்மைதான். ஆனால் வாடகையும் ஏறுமே தம்பி. லண்டனில் ஒரு அறைக்கு என்ன வாடகை என்பதை முடிவு செய்வது அந்த அறையில் இருப்பவரின் சம்பளம் அல்ல, அந்த அறைக்குப் போட்டியிடும் மற்றவர்களின் சம்பளம். அதனால்தான் வீட்டுச் செலவைக் கழித்த பிறகு மிஞ்சுவதையும் வைத்து இங்கே கணக்கு எடுக்கிறார்கள். அப்படிப் பார்த்தால் 2023-24இல் 45 லட்சம் குழந்தைகள் ஏழைகள், நூற்றுக்கு 31 பேர். வறுமைக் கோட்டை 2010-11இல் இருந்த இடத்திலேயே நிறுத்தி, விலைவாசியை மட்டும் சேர்த்துப் பார்க்கும் இன்னொரு கணக்கும் உண்டு. உங்கள் கேள்வி அதற்குப் பொருந்தாது. 2022-23 என்ற ஒரே ஆண்டில் அந்தக் கணக்கிலும் 3 லட்சம் குழந்தைகள் கூடினார்கள்.

இப்போது உங்கள் கடிதத்தின் முக்கியமான கேள்விக்கு வருகிறேன், மூன்றாவது பிள்ளைக்கு.

எலினார் ராத்போன் என்று இங்கே ஒரு பெண் எம்.பி. இருந்தார். வாழ்நாளில் பாதியை அவர் ஒரே கோரிக்கைக்காகச் செலவிட்டார். சம்பளம் ஆளுக்குக் கொடுக்கப்படுகிறது, குடும்பத்துக்குக் கொடுக்கப்படுவதில்லை. ஒண்டிக்கட்டைக்கும் ஐந்து பிள்ளைகளின் தகப்பனுக்கும் ஒரே கூலிதான். அந்த இடைவெளியைப் பொதுப்பணம் நிரப்ப வேண்டும், அதுவும் அம்மா கையில் கொடுக்க வேண்டும் என்றார். 1945இல் சட்டம் வந்தது. முதலில் அப்பாவிடம் கொடுப்பதாக எழுதியிருந்ததை மாற்ற வைத்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. 1946 ஆகஸ்டில் பணம் கொடுக்கத் தொடங்கினார்கள். அதைப் பார்க்க அவர் இல்லை, அந்த ஜனவரியிலேயே இறந்துவிட்டார். பிள்ளைக்கு வாரம் 5 ஷில்லிங். இதில் கவனிக்க வேண்டியது, முதல் பிள்ளைக்குப் பணம் கிடையாது, இரண்டாவதிலிருந்துதான். ஒரு பிள்ளையைச் சம்பளத்தில் வளர்த்துவிடலாம், அடுத்தடுத்துப் பிறக்கும்போதுதான் குடும்பம் சரிகிறது என்பது அன்றைய கணக்கு. போரில் நொடிந்து, கடனில் மூழ்கி, சாப்பாட்டு ரேஷனில் இருந்த நாடு போட்ட கணக்கு அது.

எழுபது ஆண்டு கழித்து, அதைவிடப் பல மடங்கு பணக்கார நாடாகிவிட்ட அதே பிரிட்டன் அந்த விதியைத் தலைகீழாகத் திருப்பியது. 2015இல் நிதியமைச்சர் ஜார்ஜ் ஆஸ்போர்ன் அறிவித்தார். 2017 ஏப்ரல் 6ஆம் தேதி முதல் பிறக்கும் மூன்றாவது பிள்ளைக்கும் அதற்கு மேற்பட்டவர்களுக்கும் யுனிவர்சல் கிரெடிட்டில் பங்கு கிடையாது என்று ஆனது. எல்லாப் பிள்ளைகளுக்கும் உள்ள சைல்ட் பெனிஃபிட் என்ற சிறு தொகை தொடர்ந்தது, அதை மறைக்கக் கூடாது. ஆனால் இழந்தது பெரிது, ஒரு பிள்ளைக்கு ஆண்டுக்குச் சுமார் 3,500 பவுண்டு. இரட்டைப் பிள்ளை, தத்தெடுத்த பிள்ளை போன்ற சிலவற்றுக்கு விலக்கு இருந்தது. வன்புணர்வில் பிறந்த பிள்ளைக்கும் விலக்கு இருந்தது. அதற்கென்று ஒரு படிவம். அந்தத் தாய் தனக்கு நடந்ததை ஒரு டாக்டரிடமோ சமூகப் பணியாளரிடமோ சொல்லி, அவரை விட்டு நிரப்பித் தர வேண்டியிருந்தது. ஒரு அரசு தன் குடிமகளிடம் கேட்கக் கூடாத கேள்வி அது. கணவன் இறந்துபோனவளுக்கு விலக்கே இருக்கவில்லை.

பிள்ளை பெற்றுக்கொண்டு அரசாங்கம் பார்க்கட்டும் என்று இருக்கிறார்கள் என்கிறீர்கள். பணத்தை நிறுத்தினால் பிறப்பு குறைய வேண்டும் அல்லவா? ஆராய்ந்தவர்கள் அப்படிப் பெரிதாக ஒன்றும் குறையவில்லை என்றே கண்டார்கள். பிறக்கிற பிள்ளை பிறந்தது, ஏழையாகப் பிறந்தது. 16 லட்சத்துக்கும் மேற்பட்ட குழந்தைகள் இந்த விதி தொட்ட வீடுகளில் இருந்தார்கள். அந்த வீடுகளில் பாதிக்கும் மேலானவற்றில் அம்மாவோ அப்பாவோ வேலைக்குப் போகிறார்கள். நீங்கள் சொல்லும் ‘வேலைக்குப் போகிறவர்’ அவர்தான் தம்பி. அவர் வரியும் அதில் இருக்கிறது. மூன்று பிள்ளை பிறக்கும்போது இரண்டு சம்பளம் இருந்திருக்கும், அப்புறம் ஒன்று போயிருக்கும். புற்றுநோய் வந்திருக்கும், கம்பெனி மூடியிருக்கும், புருஷன் விட்டுவிட்டுப் போயிருப்பான். எத்தனை பிள்ளை என்று முடிவு செய்கிற நாளில் இதெல்லாம் யாருக்குத் தெரியும்?

முதியவர்களுக்கு என்ன நடந்தது என்பதையும் பாருங்கள். அரசு ஓய்வூதியத்துக்கு இங்கே மூன்று பூட்டு போட்டார்கள். விலைவாசி உயர்வு, சம்பள உயர்வு, இரண்டரை சதவீதம், இந்த மூன்றில் எது அதிகமோ அந்த அளவுக்கு ஓய்வூதியம் ஆண்டுதோறும் ஏறும். உழைக்கும் வயதினருக்கான உதவித்தொகைகளில் பெரும்பாலானவற்றையோ 2016லிருந்து நான்கு ஆண்டுகள் ஒரு பென்னிகூட ஏற்றாமல் நிறுத்திவைத்தார்கள். 2023-24இல் முதியவர்களில் நூற்றுக்குச் சுமார் 16 பேர் ஏழைகள், குழந்தைகளில் 31 பேர். முதியவர்களுக்குக் கொடுத்தது தவறு என்று சொல்லவில்லை, அது நியாயமே. ஒரே நாடு, ஒரே கஜானா. தாத்தாவுக்கு ஒரு விதி, பேரனுக்கு இன்னொரு விதி.

அமெரிக்காவில் இது இன்னும் பளிச்சென்று தெரிந்தது. 2021இல் பைடன் அரசு பிள்ளைகளுக்கான வரிச்சலுகையை உயர்த்தியது. ஆறு வயதுக்குள் இருந்தால் ஆண்டுக்கு 3,600 டாலர், அதற்கு மேல் 3,000. வருமானமே இல்லாத வீட்டுக்கும் முழுத் தொகை. ஜூலை முதல் டிசம்பர் வரை பாதித் தொகை மாதாமாதம் வங்கிக் கணக்கில் விழுந்தது. கோவிட் உதவிகளும் கூடவே இருந்தன. வரியையும் உதவிகளையும் சேர்த்துப் பார்க்கும் கணக்கில் குழந்தை வறுமை அந்த ஆண்டு 5.2 சதவீதத்துக்கு இறங்கியது, அதுவரை காணாத அளவு. நீட்டிக்க செனட்டில் வாக்கு போதவில்லை. அடுத்த ஆண்டே 12.4. அந்தப் பன்னிரண்டு மாதத்தில் அமெரிக்கப் பெற்றோர் திடீரென்று சோம்பேறி ஆகிவிட்டார்களா என்ன?

இங்கேயும் கடைசியில் அந்த விதியை எடுக்க முடிவெடுத்தார்கள். மூன்றாவது பிள்ளைக்கான தடையை 2026 ஏப்ரல் முதல் நீக்குவதாக 2025 நவம்பர் பட்ஜெட்டில் நிதியமைச்சர் ரேச்சல் ரீவ்ஸ் அறிவித்தார். நாலரை லட்சம் குழந்தைகள் வறுமையிலிருந்து மீள்வார்கள் என்பது அரசின் கணிப்பு. 2024 ஜூலையில் இதே கோரிக்கைக்கு ஆதரவாக வாக்களித்ததற்காகத் தன் ஏழு எம்.பி.க்களை ரீவ்ஸின் தொழிற்கட்சி இடைநீக்கம் செய்திருந்தது. ஆனாலும் எனக்கு மகிழ்ச்சிதான், அதை மறைக்கவில்லை.

அறிவிப்பு வந்த வாரம் எங்கள் கூடத்தில் இரண்டு பேர் என்னிடம் வந்து, தங்களுக்கு எவ்வளவு வரும் என்று கணக்குப் போட்டுத் தரச் சொன்னார்கள். ஒருவர் பள்ளிச் சமையலறையில் வேலை செய்பவர், மூன்று பிள்ளைகள். அவருக்கு வரும். தொகையைச் சொன்னதும் இரண்டு முறை கேட்டு உறுதி செய்துகொண்டு, முதலில் சின்னவளுக்கு ஷூ என்றார்.

இன்னொருவருக்கும் மூன்று பிள்ளைகள், கடைசிப் பிள்ளைக்கு ஐந்து மாதம், வேலைக்குப் போக வழியில்லை. இங்கே மொத்த உதவிக்கே ஒரு உச்சவரம்பு உண்டு. வேலைக்குப் போகாத குடும்பத்துக்கு லண்டனில் ஆண்டுக்கு 25,323 பவுண்டு. அந்த வரம்பை எடுக்கவில்லை. அவர் வாடகையும் இப்போது வாங்குவதும் சேர்ந்து அதை ஏற்கெனவே தொட்டுவிட்டன. மூன்றாவது பிள்ளைக்கு ஒரு கையால் கொடுப்பதை வரம்பு இன்னொரு கையால் எடுத்துக்கொள்ளும். மூன்று முறை போட்டுப் பார்த்தேன், பூஜ்யம்தான் வந்தது. சரியாகப் பார்த்துவிட்டு அடுத்த செவ்வாய் சொல்கிறேன் என்று அனுப்பிவைத்தேன். போகும்போது கெட்டில் பைதான் கேட்டார்.

அன்புடன்